தம்பியின் பிறந்த தேதி

மாட்டுங்கா லேபர் கேம்ப்
12 ஜனவரி 2024

காக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். ஸலாம் சொல்வது கடமை என்பதால் சொல்கிறேன். நலமா என்று கேட்பது கடமை இல்லை, அதை விட்டுவிடுகிறேன்.

பதினோரு தடவை போன் அடித்தேன். பன்னிரண்டாவது தடவை மதினிதான் எடுத்தார்கள். "அவங்க பிராக்டிஸ்ல இருக்காங்க தம்பி" என்றார்கள். வெள்ளிக்கிழமை ஜும்மா நேரத்தில் என்ன பிராக்டிஸ் என்று நான் கேட்கவில்லை. அவர்கள் என்ன செய்வார்கள், பாவம். மறுநாள் நீ மெசேஜ் போட்டாய்: "போன்ல எதுவும் எழுதாத. லெட்டர் போடு." சரி, போட்டுவிட்டேன். நம் முனிசிபல் ஸ்கூல் தமிழ் டீச்சர் பார்த்தால் சந்தோஷப்படுவார். அவரிடம் படித்த இரண்டு பேரும் தமிழில் கடிதம் எழுதுகிறோம், அதுவும் போலீசுக்குப் பயந்து.

விஷயத்துக்கு வருகிறேன். என் பாஸ்போர்ட்டை நிறுத்தி வைத்துவிட்டார்கள். போன வாரம் வியாழக்கிழமை ஒரிஜினல் எல்லாம் எடுத்துக்கொண்டு வரச் சொன்னார்கள். வாஷியில் ஒரு ஃப்ளாட்டில் ஏ.சி.யைப் பாதி கழற்றிப் போட்டுவிட்டு ஓடினேன். கவுன்டரில் இருந்த மேடம் கம்ப்யூட்டரை என் பக்கம் திருப்பிக் காட்டினார். ராஹில். வாப்பா பேர் கரீம் பாட்சா. உம்மா பேர் பீவி. பிறந்தது 17 ஆகஸ்ட் 1993, மும்பை. எல்லாம் நான்தான். மேலே இருக்கிற முகம் மட்டும் உன்னுடையது, தாடியை அழகாக ட்ரிம் செய்துகொண்டு.

"யே கௌன் ஹை?" இது யார் என்று கேட்டார்.

"தெரியாது மேடம்" என்றேன்.

சொந்தக் காக்காவை, கூடப் பிறந்த அண்ணனைத் தெரியாது என்று சொல்லிவிட்டேன். அவர் கோபப்படவில்லை. "ஒன்று இவர் பொய், இல்லை நீங்கள் பொய். எது என்று எழுத்தில் கொடுங்கள்" என்று ஒரு தாளைத் தந்தார். எனக்குப் பின்னால் வரிசையில் நின்றவர்கள் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். திருட்டுப்பயலைப் பார்க்கிற மாதிரிப் பார்த்தார்கள். திருடு போனவன் நான்!

உனக்குத் தெரியும், ஃபர்ஸானா மஸ்கட்டுக்குப் போய் ஏழு மாதம் ஆகிறது. ஆஸ்பத்திரியில் நர்ஸ் வேலை நிரந்தரம் ஆகிவிட்டது. எனக்கும் பரீஹாவுக்கும் விசா ஏற்பாடு செய்துவிட்டாள். பரீஹாவுக்குப் பாஸ்போர்ட் வந்துவிட்டது. நாலு வயதுப் பிள்ளைக்குக் கிடைத்த பாஸ்போர்ட் அவள் வாப்பாவுக்குக் கிடைக்கவில்லை.

அந்தப் பிறப்புச் சான்றிதழ் என்னுடையது. திருப்பிக் கொடு. எப்படி என்று உனக்குத் தெரியும்.

ராஹில்


வாஸ்கோ, கோவா
23 ஜனவரி 2024

ராஹிலுக்கு,

ராஹிலுக்கு என்று எழுதிவிட்டுப் பேனாவைக் கொஞ்ச நேரம் கீழே வைத்துவிட்டேன். எனக்கு நானே கடிதம் போட்டுக்கொள்கிற மாதிரி இருந்தது.

போனை எடுக்காதது தப்பு. பயந்துவிட்டேன். நீ போனில் ஒரு வரி எழுதினால் போதும், யாராவது போட்டோ எடுத்து அனுப்பிவிடுவான், சாயங்காலத்துக்குள் நாடு முழுக்கப் பரவிவிடும். எங்கள் ஃபுட்பால் டீமில் மணிப்பூர்க்காரன் இருக்கிறான், பஞ்சாபி இருக்கிறான், மலையாளி இரண்டு பேர் இருக்கிறார்கள். தமிழ் வாசிக்கத் தெரிந்தவன் எவனும் இல்லை. கடிதம்தான் பத்திரம்.

பாஸ்போர்ட் ஆபீசில் நீ தெரியாது என்று சொன்னதற்கு நன்றி என்று எழுதினேன். பிறகு அடித்துவிட்டேன். அதற்கு நன்றி சொல்ல எனக்கு வாய் கிடையாது.

என் நிலைமையை மட்டும் கேள். மே கடைசி வரைக்கும் கான்ட்ராக்ட். நான்தான் கேப்டன். இன்னும் ஒன்பது மேட்ச். இதில் ஆறு ஜெயித்தால் மேல் லீகுக்குப் போவோம். இப்போது நான் போய் உண்மையைச் சொன்னால் என்னோடு முடியாது. பொய்ப் பெயரில் ஆடியவன் இறங்கிய மேட்ச் எல்லாவற்றையும் தோல்வி என்று எழுதிவிடுவார்கள். இருபத்தைந்து பையன்கள் வியர்வை சிந்திச் சேர்த்த பாயின்ட் காற்றில் போய்விடும். அவர்கள் என்ன பாவம் செய்தார்கள்?

ஒரு வழி தோன்றுகிறது. கோபப்படாமல் கேள். மன்சூர் அலி என்கிற என் சான்றிதழ் உம்மாவின் டிரங்குப் பெட்டியில் சும்மாதான் கிடக்கிறது. அந்தப் பேரில் இதுவரைக்கும் யாரும் பாஸ்போர்ட் கேட்டதில்லை. நீ அதைக் காட்டி எடுத்தால் என்ன? வயது மூன்றரை கூடும், அவ்வளவுதான். ஏ.சி. ரிப்பேர் செய்கிறவனுக்கு வயதை யார் பார்க்கிறார்கள்?

யோசித்துப் பார். இல்லையென்றால் மே வரைக்கும் பொறு. அதற்கு மேல் நான் உன்னை ஒன்றும் கேட்க மாட்டேன்.

காக்கா


மாட்டுங்கா லேபர் கேம்ப்
2 பிப்ரவரி 2024

காக்காவுக்கு,

அட! என்ன யோசனை! என்ன மூளை! என் சட்டையை உருவிப் பதினாறு வருடம் போட்டுக்கொண்டாய். இப்போது உன் பழைய சட்டை கொடியில் சும்மா தொங்குகிறது, எடுத்துப் போட்டுக்கொள் என்கிறாய்.

என் ஐ.டி.ஐ. சான்றிதழில் ராஹில். என் நிக்காஹ் புத்தகத்தில் ராஹில். பரீஹாவின் பிறப்புச் சான்றிதழில் வாப்பா பேர் ராஹில். நான் மன்சூர் அலி ஆகிவிட்டால் அந்தப் பிள்ளைக்கு வாப்பா யார்? நீயா? எழுதும்போது உனக்குக் கை கூசவில்லையா?

இருபத்தைந்து பையன்களைப் பற்றி எழுதியிருக்கிறாய். நல்ல மனசு. இருபத்தாறாவதாக ஒருவன் இருந்தானே, அவன் ஞாபகம் இருக்கிறதா? சொல்கிறேன். 2009, மழைக்கு முந்தி. பதினாறு வயதுக்கு உட்பட்டவர்களுக்கான செலக்‌ஷன். நானும் போனேன். உன் பழைய ஷூவில் பஞ்சு அடைத்துப் போட்டுக்கொண்டு போனேன். ரைட் பேக் ஆடுவேன், உன்னைவிட வேகமாக ஓடுவேன். இதை நான் சொல்லவில்லை, நீயே வாப்பாவிடம் சொல்லியிருக்கிறாய். மைதானத்தில் மேஜை போட்டு உட்கார்ந்திருந்தவர் என் பேரைக் கேட்டு ரிஜிஸ்டரைப் புரட்டினார். "ராஹில் கரீம் பாட்சா? லேபர் கேம்ப்? அரே, அது நம்ம ஸ்டாப்பர் ஆச்சே! நீ யாருடா?" என்று சிரித்தார். நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். நடுவில் நின்று தடுக்கிற அந்த ஸ்டாப்பர் நீ, ஆறடி தள்ளி உட்கார்ந்து ஷூவுக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தாய்.

ஒரு ஷூவுக்குக் கயிறு கட்ட எவ்வளவு நேரம் ஆகும் காக்கா? நான் மைதானத்தை விட்டு வெளியே வந்து ரோட்டைத் தாண்டித் திரும்பிப் பார்த்தேன். அப்போதும் நீ கட்டிக்கொண்டுதான் இருந்தாய்.

அதற்கு அப்புறம் நான் பந்தைத் தொடவில்லை. அது போகட்டும், எத்தனையோ பேர் விட்டுவிடுகிறார்கள். ஆனால் வீட்டுக்குள்ளே நடந்ததைச் சொல்லியாக வேண்டும். பேப்பர்க்காரன் வருவான், டீம் ஆள் வருவான், வாய் தவறிவிடக் கூடாது என்று உம்மா உன்னை "ராஹில்" என்று கூப்பிடப் பழகினார்கள். ஒரே வீட்டில் இரண்டு ராஹிலை எப்படிக் கூப்பிடுவது? நான் "சின்னவன்" ஆனேன். இன்றைக்கும் சின்னவன்தான். எனக்கு முப்பது வயது, தலையில் நரை வந்துவிட்டது. உன் மேட்ச் டி.வி.யில் வந்தால் உம்மா, "அல்லாவே, எம் புள்ள ராஹில காப்பாத்து" என்று துஆ கேட்கிறார்கள். நான் பக்கத்தில் உட்கார்ந்து ஆமீன் சொல்கிறேன்.

மே வரைக்கும் பொறுக்க முடியாது. மார்ச் பதினைந்துக்குள் பதில் கொடுக்க வேண்டும் என்று மேடம் எழுதியிருக்கிறார்.

ராஹில்


வாஸ்கோ
14 பிப்ரவரி 2024

ராஹிலுக்கு,

அன்றைக்கு நான் உன்னைப் பார்த்தேன். வரிசையில் நீ நிற்கும்போதே பார்த்துவிட்டேன். கயிறு கட்டவில்லை, கட்டியதை அவிழ்த்து அவிழ்த்துக் கட்டினேன். இதை நீ என்றைக்காவது கேட்பாய் என்று பதினைந்து வருடமாகக் காத்திருக்கிறேன். கேட்டுவிட்டாய்.

நான் யாரிடமும் சொல்லாததை உன்னிடம் சொல்கிறேன். நான் ஆடிய முதல் டோர்னமென்ட் உனக்கு ஞாபகம் இருக்கும். சிறந்த டிஃபென்டர் என்று கப் கொடுத்தார்களே, வாப்பா அதை டி.வி. மேல் வைத்தாரே. அந்த மேட்சுக்கு முன்னால் இரண்டு தடவை முகம் வழித்தேன். எதிர் டீமில் செம்பூர் ஸ்கூல் பையன் ஒருவன் ஃபார்வர்டு. பதினாலு வயது, பூஞ்சை உடம்பு. கார்னரில் இரண்டு பேரும் ஒரே பந்துக்கு எம்பினோம். நான் பதினெட்டு வயதுக்காரன், முழு ஆள். அவன் மேலே போய் விழுந்தேன். தோள் எலும்பு உடைந்துவிட்டது. அவனைத் தூக்கிக்கொண்டு போகும்போது "ஸாரி பையா" என்று இந்தியில் அண்ணா போட்டு அவன்தான் என்னிடம் சொன்னான். தன் மேல்தான் தப்பு என்று நினைத்திருக்கிறான். மறுநாள் பேப்பரில், இந்த வயதில் இப்படி ஒரு உடல் வலிமையா என்று என்னைப் பற்றி எழுதினார்கள்.

அதுதான் என் ஆரம்பம். அதற்கு மேல் கட்டியதுதான் எல்லாம். கோவா, கொல்கத்தா, மறுபடி கோவா, முந்நூறு மேட்ச், கேப்டன்.

இங்கே ஒவ்வொரு ஆகஸ்ட் பதினேழும் எனக்குக் கேக் வெட்டுகிறார்கள். முகத்தில் பூசிச் சிரிக்கிறார்கள். நானும் சிரிக்கிறேன். என் சொந்தப் பிறந்தநாள் ஜனவரியில் வந்துவிட்டுப் போய்விடும், உன் மதினி மெஹராஜுக்குக்கூடத் தெரியாது. ஆமாம், அவளுக்கும் நான் சொல்லவில்லை. ஆறு வருடமாகச் சொல்லவில்லை.

போன மாதம் முழங்காலை ஸ்கேன் எடுத்தார்கள். டாக்டர் படத்தைப் பார்த்துவிட்டு, "முப்பது வயசுக்கு இது ரொம்பத் தேய்ஞ்சிருக்கே" என்றார். முழங்காலுக்குப் பொய் சொல்லத் தெரியவில்லை. என்னோடு ஸ்டாப்பர் ஆடுகிற மிசோரம் பையன், பந்து வருவதற்கு முந்தியே எப்படிப் போய் நிற்கிறீர்கள் என்று கேட்டான். அனுபவம் என்றேன். அந்த அனுபவத்தில் மூன்றரை வருடம் நான் வயதை மறைத்துக் களவாடியது என்று எப்படிச் சொல்வது?

டிஃபென்டர் பிழைப்பு உனக்குத் தெரியும். நூறு பந்தைத் தடுத்தால் எவனும் பார்க்க மாட்டான், ஒன்றை விட்டால் ஊரே பார்க்கும். நான் எப்போதும் அந்த ஒன்றை நினைத்துக்கொண்டுதான் இறங்குகிறேன்.

இவ்வளவு எழுதிவிட்டும் செய்கிறேன் என்கிற வார்த்தை வரவில்லை. எனக்கு நாலு நாள் கொடு. இல்லை, கொஞ்சம் கூடக் கொடு.

காக்கா


மாட்டுங்கா லேபர் கேம்ப்
22 பிப்ரவரி 2024

காக்காவுக்கு,

உன் கடிதத்தை கிங்ஸ் சர்க்கிள் ஸ்டேஷனில் நின்று படித்தேன். இரண்டு வண்டியை விட்டுவிட்டேன். அந்தச் செம்பூர்ப் பையன் விஷயத்தை நீ சொல்லாமல் இருந்திருக்கலாம். உன் மேல் முழுசாகக் கோபப்பட விட மாட்டேன் என்கிறாய்.

நீ ஒளிக்காமல் எழுதியதால் நானும் ஒன்றை எழுதுகிறேன். முதல் கடிதத்தில் திருடு போனவன் மாதிரி எழுதியிருந்தேன். அது முழு உண்மை இல்லை. "காயிதம் இருந்தாப் போதும், நான் பார்த்துக்கிறேன்" என்று கோச் சொல்லியனுப்பிய அன்றைக்கு வாப்பா என்னைத்தான் கேட்டார். "ராஹிலு, காக்கா ஒரு வருசம் ஆடிட்டுத் தந்துருவான். ஒன் காயிதத்தக் குடுக்கட்டால?" என்றார். நான் துள்ளிக் குதித்துச் சரி என்றேன். நானேதான் பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கோச் வீட்டுக்குக் கொண்டுபோனேன். அவர் வடா பாவ் வாங்கிக் கொடுத்தார். பெரிய தியாகி மாதிரித் தின்றுகொண்டே நடந்து வந்தேன். லேபர் கேம்பில் பந்தாடிய பையன்களில் பாதிப் பேருக்கு இரண்டு சான்றிதழ் இருந்தது, எவனும் அதைப் பாவம் என்று நினைக்கவில்லை. நம் வீட்டில் மட்டும் ஒரு வருடம் பதினாறு வருடமாகிவிட்டது.

வாப்பா மௌத்தாகிவிட்டார், அவரிடம் சண்டை போட முடியாது. உம்மாவிடம் விஷயத்தைச் சொன்னேன். "சின்னவனே, ஒன் காக்காவத் தெருவுல நிறுத்திராதல. அவன் தலையெடுத்துத்தான நமக்கு மரியாதை" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார்கள். நான் எங்கே நிற்கிறேன் உம்மா என்று கேட்டேன். தெருவில்தான் நிற்கிறேன், கவுன்டர் கவுன்டராக நிற்கிறேன். உம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

நேற்று அந்தத் தாளை எடுத்து, படத்தில் இருப்பவர் என் அண்ணன் என்று எழுதிப் பார்த்தேன். கிழித்துப் போட்டுவிட்டேன். நான் எழுதிக் கொடுத்தால் காட்டிக் கொடுத்தவன் ஆவேன். நீ எழுதிக் கொடுத்தால் ஒப்புக்கொண்டவன் ஆவாய். உனக்கு அந்த ஒரு மரியாதையாவது மிஞ்சட்டும் என்று பார்க்கிறேன்.

மார்ச் பதினைந்து.

ராஹில்


வாஸ்கோ
11 மார்ச் 2024

ராஹிலுக்கு,

கொடுத்துவிட்டேன்.

முதலில் மெஹராஜிடம் சொன்னேன். மூன்றாம் நாள் சோறு போடும்போது, "அப்ப நான் யாரை நிக்காஹ் பண்ணினேன்?" என்று கேட்டாள். பள்ளிவாசல் ஹஜ்ரத்திடம் கேட்டுத் தேவைப்பட்டால் என் பேரில் மறுபடி செய்துகொள்ளலாம் என்றேன். "பேரைக் கேக்கலைங்க, ஆறு வருசமா என்கிட்ட பேசினது யாருன்னு கேக்கிறேன்" என்றாள். தட்டை வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

அப்புறம் மேனேஜரிடம் போனேன். அவர் கதவைச் சாத்திவிட்டு, யாருக்காவது தெரியுமா, தெரியாதென்றால் மே வரைக்கும் வாயை மூடு என்றார். நான் உன்னிடம் கேட்ட அதே மே. அவர் வாயில் கேட்கும்போது எனக்கே அருவருப்பாக இருந்தது. ஃபுட்பால் சங்கத்துக்கும் பாஸ்போர்ட் ஆபீசுக்கும் ஏற்கெனவே எழுதிவிட்டேன், ஸ்பீட் போஸ்ட் ரசீது இது என்று மேஜையில் வைத்தேன்.

பதினான்கு பாயின்ட் போய்விட்டது. டீம் கடைசி இடத்துக்கு வந்துவிட்டது. கிட் ரூமில் என் பொருள்களை எடுக்கப் போனேன். யாரும் திட்டவில்லை. திட்டினால் தாங்கியிருப்பேன். அந்த மிசோரம் பையன் மட்டும், "உங்கள் பேர் என்ன?" என்று கேட்டான். மரியாதையாகத்தான் கேட்டான். சொன்னேன். தலையை ஆட்டிவிட்டுப் போய்விட்டான்.

நான் ஆடிய முந்நூறு மேட்சும் ராஹில் என்கிற பேரில் இருக்கின்றன. அவற்றை அழித்துவிடுவார்களாம். மன்சூர் அலி ஒரு மேட்சும் ஆடவில்லை. உன் பேர் உனக்குக் கறையோடுதான் வருகிறது, மன்னித்துக்கொள்.

மன்சூர் அலி


மாட்டுங்கா லேபர் கேம்ப்
24 மார்ச் 2024

காக்காவுக்கு,

பாஸ்போர்ட் ஆபீசில் கூப்பிட்டு என் ஃபைலை மறுபடி திறந்துவிட்டார்கள். அதே மேடம். "முதல் நாளே சொல்லியிருக்கலாமே" என்றார்.

ஜெயித்தவன் மாதிரி இருக்கும் என்று நினைத்தேன். இல்லை. தெருமுனை நாக்காவில் உன் பேனர் இருந்தது அல்லவா, பையன்கள் இறக்கிவிட்டார்கள். இறக்கியது பரவாயில்லை, அதை மழைக்கு ஆகும் என்று எவனோ கூரையில் போட்டிருக்கிறான். மேலே போகிற நடைபாலத்திலிருந்து பார்த்தால் உன் முகம் வானத்தைப் பார்த்துக்கொண்டு கிடக்கிறது. நான் இப்போது சுற்றி ஆண்டாப் ஹில் பக்கமாகப் போய் பஸ் பிடிக்கிறேன்.

பேப்பரில் "போலி ராஹில்" என்று போட்டார்கள். டீக்கடையில் ஒருவன் என்னைப் பார்த்து, "நீ அசலா போலியா?" என்று கேட்டான். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்துத் தொலைத்தேன். உம்மா நான் சமைத்ததைச் சாப்பிடுவதில்லை. நோன்பு திறக்கிற கஞ்சியைக்கூடப் பள்ளிவாசலில் இருந்து வாங்கி வரச் சொல்கிறார்கள்.

சான்றிதழைக் கேட்டது சரிதான். மறுபடி கேட்கச் சொன்னாலும் கேட்பேன். ஆனால் உன் கடிதத்தை மூன்று தடவைக்கு மேல் படிக்க முடியவில்லை.

ராஹில்


வாஸ்கோ
6 மே 2024

ராஹிலுக்கு,

உன் பாஸ்போர்ட் வந்துவிட்டது, பதினெட்டாம் தேதி விமானம் என்று மெஹராஜ் சொன்னாள். அல்ஹம்துலில்லாஹ். பரீஹாவை ஜன்னல் பக்கம் உட்கார வை.

என் போனைப் போலீஸ் எடுத்துக்கொண்டது. அதனால் இதுவும் கடிதம். பொய்ப் பாஸ்போர்ட் எடுத்ததற்குக் கேஸ் போட்டிருக்கிறார்கள். பாஸ்போர்ட் இங்கே எடுத்தது என்பதால் கேசும் இங்கேதான். அது நான் செய்தது, அதற்கு உள்ளே போனாலும் எனக்குச் சம்மதம். ஆனால் அவர்கள் எழுதியிருப்பதில் ஒரு வரி இருக்கிறது. தம்பியின் சான்றிதழை அவனுக்குத் தெரியாமல் திருடி என்று இருக்கிறது. வக்கீல் சொல்கிறார், அந்த ஒரு வார்த்தைதான் கேசைப் பெரிதாக்குகிறது, பெயிலும் அதனால்தான் கஷ்டமாம். வீட்டுப் பெரியவர் கேட்டு நானே மனமொப்பிக் கொடுத்தேன், அப்போது எனக்குப் பதினாலு வயது என்று நீ நோட்டரி முன்னால் இரண்டு வரி எழுதிக் கொடுத்தால் அந்த வார்த்தையை எடுக்கலாமாம். இருபத்தொன்றாம் தேதி கோர்ட்டில் நிறுத்துகிறார்கள்.

நடந்ததை நீயே எனக்கு எழுதியிருக்கிறாய். அந்தக் கடிதத்தைக் காட்டட்டுமா என்று வக்கீல் கேட்டார். நீ எனக்கு மட்டும் எழுதியது, காட்ட மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். நீயாகக் கொடுத்தால் கொடு. உனக்குச் சங்கடம் வரும் என்றால் வேண்டாம், நிஜமாகவே வேண்டாம். கேட்பதற்கே கூச்சமாக இருக்கிறது.

ஆட வேண்டியதெல்லாம் ஆடிவிட்டேன். ஆனால் உன்னிடம் திருடவில்லை என்பது மட்டும் எங்காவது எழுத்தில் இருந்தால் நல்லது என்று ஆசை.

மன்சூர்


மஸ்கட்
11 ஜூன் 2024

காக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். எப்படி இருக்கிறாய்? உடம்பு எப்படி? முழங்கால் எப்படி?

உன் கடிதம் எனக்கு மே பதின்மூன்றாம் தேதியே வந்துவிட்டது. எலெக்‌ஷன் நேரம், நோட்டரி ஆபீஸ் எல்லாம் மூடிக் கிடந்தது, அதனால் முடியவில்லை என்று உம்மாவிடம் சொன்னேன். உம்மா மதினியிடம் சொன்னார்கள். மதினி உன்னிடம் சொல்லியிருப்பார்கள். அது பொய்.

பதினாறாம் தேதி பாந்த்ரா கோர்ட்டுக்குப் போனேன். ஆபீஸ் திறந்துதான் இருந்தது. நீ சொன்ன இரண்டு வரியையும் டைப் அடித்து வாங்கினேன். நோட்டரி படித்துப் பார்த்துவிட்டு, "நானே கொடுத்தேன்னு எழுதியிருக்கே? அப்படின்னா நீயும் கூட்டுதான். புது பாஸ்போர்ட் எதுவும் கையில் இருந்தா ஜாக்கிரதை தம்பி, முடக்கிடுவாங்க" என்றார். அக்கறையாகத்தான் சொன்னார். கையெழுத்துப் போடுகிற இடத்தில் விரலை வைத்துக் காட்டினார்.

எனக்குப் பரீஹாவின் பெட்டி ஞாபகம் வந்தது. நாலு நாளாகக் கட்டிக் கட்டிப் பிரித்துக்கொண்டிருந்தாள். ஃபர்ஸானா மஸ்கட் ஏர்போர்ட்டில் வந்து நிற்பாள் என்பது ஞாபகம் வந்தது. இதெல்லாம் சாக்கு. உண்மையைச் சொன்னால், என் பேர் போட்ட அந்தச் சின்னப் புத்தகம்தான் ஞாபகம் வந்தது. அதை மறுபடி யாரும் என் கையில் இருந்து வாங்கிவிடக் கூடாது. வேறு எதுவும் மனதில் இல்லை, நீ இல்லை. தாளை மடித்துப் பையில் வைத்தேன். எதிரே டீக்கடையில் உட்கார்ந்தேன். நாலு மணி வரைக்கும் உட்கார்ந்திருந்தேன். அப்புறம் வீட்டுக்குப் போய் எலெக்‌ஷன் என்று சொன்னேன்.

பெயில் கிடைக்காமல் நீ பன்னிரண்டு நாள் உள்ளே இருந்தாய் என்று போன வாரம்தான் தெரியும். மதினி போனில் சொன்னார்கள். "உங்க பேப்பர் இருந்திருந்தா அன்னைக்கே விட்டிருப்பாங்கன்னு வக்கீல் சொன்னார் தம்பி. எலெக்‌ஷனாமே, நீங்க என்ன செய்வீங்க பாவம்" என்றார்கள். என்னைப் போய்ப் பாவம் என்றார்கள். போனை ஃபர்ஸானாவிடம் கொடுத்துவிட்டுப் பாத்ரூமுக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றேன். ஃபர்ஸானாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவள் திட்டவில்லை. "நாளைக்கே போய் எழுதிக் குடுங்க. பாஸ்போர்ட்டைப் பிடுங்கினா திரும்பிப் போவோம்" என்றாள்.

இன்று இங்கே எம்பஸிக்குப் போனேன். வெளியே ஒரு மலையாளி டைப் அடித்துக் கொடுக்கிறான். இரண்டு வரி போதாது என்று ஒரு பக்கம் எழுதினேன். வாப்பா கேட்டது, நான் சரி என்றது, நானே கவரில் போட்டுக் கொண்டுபோனது, வடா பாவ் தின்றது எல்லாம் இருக்கிறது. வடா பாவ் எதற்கு என்று அவன் கேட்டான். இருக்கட்டும் என்றேன். என் அண்ணன் மன்சூர் அலி என்னிடமிருந்து எதையும் திருடவில்லை என்று கடைசி வரி.

கோர்ட் கேஸ் என்று தெரிந்ததும், மாதிரிக்கு நான் கொடுத்த பாந்த்ரா தாளின் தேதியைப் பார்த்து அவன் குரலைத் தாழ்த்தி, "தேதி மே பதினாறுன்னு போட்டுடட்டுமா? ஸ்டாம்ப் அடிக்கிறவன் நம்ம ஆளுதான். உங்களுக்கும் பேர் கெடாது" என்று கேட்டான். ஒரு நிமிடம் யோசித்தேன் காக்கா. யோசிக்கவில்லை என்று சொல்ல மாட்டேன். மே பதினாறு என்றிருந்தால் எழுதி முடித்தும் தபாலில் தாமதமாகிவிட்டது என்றுகூடச் சொல்லிக்கொள்ளலாம். நீயே நம்பியிருப்பாய்.

வேண்டாம், இன்றைய தேதியே போடு என்றேன். அந்தத் தாள் இதோடு இருக்கிறது. ஜூன் பதினொன்று என்று போட்டிருக்கிறது.

உன் தம்பி
ராஹில்